ஃப்ரான்சிஸ்கோ ரபால்: ஹீரோவா இருந்தப்ப பெரிய ஆளா, கிழவனானப்புறம் பெரிய ஆளா?

ராத்திரிஷோ:
மக்களே, 'லோஸ் சாண்டோஸ் இனோசெந்தேஸ்' (நம்ம பாஷையில 'அப்பாவிகள்'னு வெச்சுக்கலாம்) பாத்து முடிச்சேன், ஸ்பெயின் படம், 1984, டைரக்டர் மரியோ காமுஸ். எக்ஸ்த்ரமதூரா பக்கம் ஒரு பெரிய பண்ணை, அறுபதுகள்ல நடக்குற கதை, பண்ணையாள் குடும்பத்த நாய விட கேவலமா நடத்துறானுங்க. அதுல அசாரியாஸ்னு ஒரு கிழவன் வர்றான். புத்தி வளராத ஆளு, பேண்ட்டு எறங்கி தொங்கும், கை வெடிக்கக்கூடாதுன்னு தன் மூத்திரத்தையே கையில விட்டுக்குவான், காக்கா ஜாதியில ஒரு பறவைய வளத்து "அழகு பருந்தே, அழகு பருந்தே"ன்னு கூப்புட்டுட்டே திரிவான். எங்கயோ கிராமத்துல இருந்து புடிச்சுட்டு வந்து நடிக்க வெச்சிருக்காங்கன்னுதான் நெனச்சேன். பேர தேடினா ஃப்ரான்சிஸ்கோ ரபால்ங்கறாங்க. இத்தாலி டைரக்டர் அந்தோனியோனியோட 'லெக்லிஸ்' இருக்குல்ல, 1962, அதோட மொத சீன்ல மோனிகா விட்டி ஒரு ஆள்கிட்ட இருந்து விடியக்காலையில பிரிஞ்சு போவாளே, ஃபேன் ஓடிட்டே இருக்கும், அவன் ஈஸிசேர்ல கல்லு மாதிரி ஒக்காந்திருப்பான், அந்த ஸ்டைலான ஆளும் இவர்தானாம்! எனக்கு தோணுறது இதுதான்: மூஞ்சி நல்லா இருந்த வரைக்கும் இந்தாளு வெறும் ஹீரோ, மூஞ்சி போனப்புறம்தான் நடிகன். நடுவுல இருபத்தஞ்சு வருசம் வேஸ்ட். யாருக்காவது மாத்துக்கருத்து இருந்தா வாங்க.

பழையப்ரொஜெக்டர்:
தம்பி, 'வேஸ்ட்'னு ஒரே வார்த்தையில முடிச்சுட்டீங்க, கொஞ்சம் பின்னாடி போய் பாத்துட்டு வரலாம். ரபால் பொறந்தது 1926 மார்ச் 8, முர்சியா மாகாணத்துல அகிலாஸ்ங்கற கடலோர ஊரு, அதுலயும் ஊருக்குள்ள இல்ல, பக்கத்துல குவெஸ்தா தெ கோஸ்னு சுரங்கக்காரங்க குடியிருந்த ஒரு இடம். அப்பா சுரங்கத்தொழிலாளி. 1936ல உள்நாட்டுப் போர் வருது, குடும்பம் மத்ரீதுக்கு கெளம்பி வருது, பையனுக்கு அப்ப பத்து வயசு, தெருவுல தின்பண்டம் வித்திருக்கான், சாக்லேட் ஃபேக்டரியில வேல பாத்திருக்கான், பதிமூணு வயசுல படிப்ப விட்டுட்டு சமர்தீன் ஸ்டுடியோல எலக்ட்ரீஷியனா சேந்துட்டான். நம்ம பாஷையில சொன்னா லைட்பாய். இத மறந்துட்டு அந்த ஆளோட நடிப்ப பேசவே முடியாது. கேமராவுக்கு இந்தப்பக்கம் மேல பரண்ல நின்னு பெரிய பெரிய ஸ்டாருங்க மூஞ்சியில எங்க வெளிச்சம் விழுது எங்க நிழல் விழுதுன்னு பல வருசம் பாத்தவன், கூட்டத்துல ஆளு கொறைஞ்சா எறங்கி வந்து நிப்பான், அப்படித்தான் துண்டுத்துண்டா வேஷம் கெடைக்க ஆரம்பிச்சுது. தாமசோ அலோன்சோன்னு அந்த காலத்துல பெரிய கவிஞர், இன்னும் சில பேரு, "நீ நாடகத்துக்கு போய்யா"ன்னு சொல்லித்தான் மேடைக்கு போறாரு.

அசாரியாஸ எங்கேர்ந்து எடுத்தாருன்னு கேட்டீங்கன்னா, அந்த சுரங்கக் குடியிருப்புல இருந்தும் மத்ரீது தெருவுல இருந்தும்தான்னு நான் சொல்லுவேன்.

மேடைக்காரன்:
ப்ரொஜெக்டர் அண்ணே சொன்னதோட சேத்துக்குங்க. சினிமா ரசிகருங்க எல்லாரும் ரபால நேரா ஸ்பெயின் டைரக்டர் லூயிஸ் புனுவல் படத்துல இருந்து ஆரம்பிக்குறாங்க, அதுக்கு முன்னாடி மேடையில அந்த மனுஷன் பட்ட பாடு யாருக்கும் தெரியல. அப்ப மத்ரீது நாடகக் கம்பெனின்னா தினம் ரெண்டு ஷோ, சாயங்காலம் ஒண்ணு ராத்திரி ஒண்ணு. வார லீவு கெடயாது, அதெல்லாம் எழுபதுகள்ல போராடி வாங்குனது, தினம் ஒரு ஷோதான்னு கேட்டு 1975ல நடிகருங்க ஸ்ட்ரைக்கே பண்ணாங்க. மேடைக்கு முன்னாடி தரையில ஒரு சின்ன கூண்டு இருக்கும், அதுக்குள்ள ப்ராம்ப்டர் ஒக்காந்துட்டு வசனம் எடுத்துக் குடுப்பாரு. ஒரு கம்பெனின்னா நாடகம் மாறிட்டே இருக்கும், நைட்டு ஒண்ணு நடிச்சுட்டு காலையில அடுத்ததுக்கு ரிகர்சல்.

இந்த பட்டறையிலதான் ரபால் வளந்தாரு. ஹோசே தமாயோவோட லோப்பே தெ வேகா கம்பெனி, அப்ப பெரிய கம்பெனி. 1952ல ஆர்தர் மில்லரோட 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகத்த தமாயோ மத்ரீதுல போடுறாரு, கார்லோஸ் லெமோஸ் அப்பன், ரபால் மூத்த பையன் பிஃப். ஸ்பெயின்ல சர்வாதிகாரி ஃப்ராங்கோ ஆட்சி நடக்குது, சென்சார் கழுத்துல உக்காந்திருக்கு, அந்த நேரத்துல அமெரிக்க கனவே பொய்யின்னு சொல்ற நாடகம். அப்புறம் மெரிதாவுல ரோமன் காலத்து திறந்தவெளி அரங்கம் இருக்கே, அங்க ஈடிபஸ் வேஷம் கட்டியிருக்காரு. கல்லு படிக்கட்டுல கடைசி வரிசையில ஒக்காந்திருக்கறவனுக்கும் கேக்கணும்னா குரல் எங்கேர்ந்து வரணும்னு யோசிச்சு பாருங்க. ரபாலோட அந்த கரகர குரல், சிகரெட்டும் மணலும் கலந்த மாதிரி, அதுக்கு அஸ்திவாரம் இங்க போட்டது.

ராத்திரிஷோ:
மேடைக்காரன் ஜி, குரல்னு சொன்னீங்க பாருங்க, அங்கதான் எனக்கு பிரச்சனையே. 'லெக்லிஸ்'ல வர்ற இத்தாலியன் வசனம் இவர் குரலா? இத்தாலில அப்ப ஷூட்டிங்ல சவுண்டே எடுக்க மாட்டாங்க, எல்லாம் பின்னாடி ஸ்டுடியோல டப்பிங். அப்ப பாதி கரியர்ல இவர் வாயசைச்சிருக்காரு, வேற யாரோ பேசியிருக்கான். அத வெச்சு எப்படி நடிகன்னு மதிப்பு போடுறது?

சுருட்டுத்தாத்தா:
அப்ப அந்த சீன்ல அவர் பேசவே இல்லாம சேர்ல ஒக்காந்திருக்கறத எவன் டப்பிங் பண்ணான் பாஸ்?

ராத்திரிஷோ:
யோவ் 😂

மேடைக்காரன்:
தாத்தா சிரிக்க சொன்னாலும் விஷயம் அதுலதான் இருக்கு. அந்த மொத சீன்ல விட்டி நடந்துட்டே இருக்கா, திரைய விலக்குறா, மேஜை மேல சாமான நகத்தி நகத்தி பாக்குறா, காலி ஃப்ரேம் வழியா கைய விடுறா. எதுத்தாப்ல ஒருத்தன் ராத்திரி பூரா பேசி பேசி களைச்சுப்போய் ஒக்காந்திருக்கான். இனி பேச ஒண்ணுமில்லன்னு அவனுக்கு தெரியும், ஆனா எந்திரிக்க மனசு வரல. அது மேடையில நின்னு பழகுனவன் உடம்பு, எதுத்த ஆளுக்கு சீன விட்டுக்குடுத்துட்டு சும்மா இருக்க தெரிஞ்ச உடம்பு. நான் நடிக்கறவன்ங்கறதால சொல்றேன், சும்மா இருக்கறது மாதிரி கஷ்டம் எதுவும் கெடயாது.

டப்பிங்க பத்தி பேசுனா ஸ்பெயின்ல அது இன்னும் பெரிய கூத்து. 1941ல ஃப்ராங்கோ அரசு வெளிநாட்டு படம் எல்லாம் ஸ்பானிஷ்ல டப் பண்ணித்தான் ஓட்டணும்னு சட்டமே போட்டுச்சு. அதனால நல்ல நல்ல நடிகருங்க டப்பிங் தியேட்டர்ல சோறு தின்னாங்க, ஃபெர்னாண்டோ ரே எல்லாம் அங்கேர்ந்து வந்தவர்தான். அதே ரே பிரெஞ்சுல புனுவலோட கடைசி படத்துல நடிச்சப்ப அவருக்கு மிஷேல் பிக்கோலி குரல் குடுத்தாரு. டப்பிங்ல ஊருக்கெல்லாம் குரல் குடுத்தவருக்கே இன்னொருத்தன் குரல்!

விரிதியானா_விசிறி:
ரபால் வேணும்னா புனுவல்கிட்ட வாங்க. அங்க குரலும் இருக்கு, மூஞ்சியும் இருக்கு. மொத்தம் மூணு படம்: 'நசரீன்' (1959, மெக்சிகோவுல எடுத்தது), 'விரிதியானா' (1961), 'பெல் த ஷூர்' (1967). புனுவல் இவர "மருமகனே"ன்னு கூப்புடுவாரு, இவர் அவர "மாமா"ம்பாரு, ரத்த சொந்தமே கெடயாது, கடுதாசியில கூட அப்படித்தான் எழுதிக்குவாங்க.

'நசரீன்'ல ஏழை பாதிரியார். கிறிஸ்து சொன்னத அப்படியே எழுத்துக்கு எழுத்து கடைப்பிடிக்குற ஆளு, அதனாலயே போற எடமெல்லாம் அடி வாங்குவாரு, யாருக்கும் அவரால ஒரு நல்லதும் நடக்காது. கடைசியில கைதியா நடந்து போறப்ப ஒரு பொம்பள அவர்கிட்ட அன்னாசிப்பழம் குடுப்பா. வேணாம்பாரு, அப்புறம் திரும்பி வந்து வாங்கிக்குவாரு. பின்னாடி புனுவல் பொறந்த கலாந்தா ஊர் முரசு அடிக்க ஆரம்பிக்கும், அந்த மூஞ்சியில வர்ற கலக்கம் இருக்கே... நம்பிக்கை போச்சா, இப்பத்தான் வந்துச்சா, இன்னும் சண்ட போட்டுட்டு இருக்காங்க. முப்பத்திமூணு வயசு கூட ஆகல அவருக்கு. ராத்திரிஷோ, இது வெறும் ஹீரோ பண்ற வேலையா சொல்லுங்க?

அப்புறம் 'விரிதியானா'. இதுல பணக்கார அப்பனோட முறையில்லாம பொறந்த மகன் ஹோர்கே. அப்பன் ஃபெர்னாண்டோ ரே. கன்னியாஸ்திரியா போக இருந்த பொண்ணு விரிதியானா பிச்சக்காரங்கள வீட்டுல சேத்து சோறு போடுவா, இவன் நிலத்த சீர் பண்ணுவான், கரண்ட் இழுப்பான், நடைமுறைவாதி. நடுவுல ஒரு சின்ன சீன். மாட்டு... இல்ல, குதிர வண்டி ஒண்ணு போகுது, அச்சுல ஒரு நாய கட்டி இழுத்துட்டு போறான் வண்டிக்காரன், நாய் ஓடி ஓடி நாக்கு தள்ளுது. ஹோர்கே மனசு கேக்காம காசு குடுத்து நாய வாங்கி கூட்டிட்டு இந்தப்பக்கம் திரும்புவான். அவன் முதுகுக்கு பின்னாடி எதிர்த்திசையில இன்னொரு வண்டி போகும், அதோட அடியிலயும் ஒரு நாய் கட்டியிருக்கும். அவன் பாக்க மாட்டான். அவ்ளோதான் சீன். ரபால் அங்க நல்லவன் வேஷமே போடல, பஸ்ஸுக்கு சில்லறை எடுக்குறவன் மாதிரி காசு எடுத்து குடுத்துட்டு போயிட்டே இருப்பாரு. அதனாலதான் அந்த ரெண்டாவது வண்டி வர்றப்ப நமக்கு நெஞ்சுல குத்துது.

கத்திரிப்பூ:
விசிறி அண்ணா அந்த படத்த ஸ்பெயின்ல தடை பண்ணாங்கன்னு படிச்சேன், ஆனா ஸ்பெயின் சார்பாத்தானே கான்ஸ் ஃபிலிம் ஃபெஸ்டிவலுக்கு போச்சு? அது எப்படிங்ண்ணா?

விரிதியானா_விசிறி:
அதான் கூத்தே கண்ணு. ஸ்க்ரிப்ட் சென்சார்ல பாஸ் ஆச்சு, முடிவ மட்டும் மாத்த சொன்னாங்க. மொதல்ல எழுதுனது, விரிதியானா ராத்திரி ஹோர்கே ரூம் கதவ தட்டுவா, உள்ள போவா, கதவு சாத்தும். அது ஆபாசம்னு சொன்னதால புனுவல் மாத்துனாரு: அவ உள்ள வர்றா, அங்க ஏற்கனவே வேலைக்காரி ரமோனா இருக்கா, மூணு பேரும் ஒக்காந்து சீட்டு ஆடுறாங்க, ஹோர்கே "என் முறப்பொண்ணு என்கூட சீட்டாடத்தான் போறான்னு எனக்கு அப்பவே தெரியும்"ங்கற மாதிரி ஒண்ணு சொல்லுவான். ஒரிஜினல விட பத்து மடங்கு வில்லங்கம், சென்சாருக்கு புரியல! கான்ஸ்ல மொத பரிசு பாம் தோர் கெடச்சுது (இன்னொரு பிரெஞ்சு படத்தோட பங்கு), மேடையேறி வாங்குனவர் ஃப்ராங்கோ அரசோட சினிமாத்துறை டைரக்டர் ஜெனரல். அப்புறம் வாடிகன் பத்திரிகை கிழி கிழின்னு கிழிச்சுது, அந்த அதிகாரிக்கு வேல போச்சு, படம் ஸ்பெயின்ல 1977 வரைக்கும் வெளிய வரல. ஃப்ராங்கோ செத்ததே 1975லதான். ஆக ரபால் தன் கரியர்ல பண்ண பெரிய படத்த சொந்த ஊரு ஜனங்க பாக்க பதினாறு வருசம் ஆச்சு.

பழையப்ரொஜெக்டர்:
இதுல இன்னொரு முரண் இருக்கு. ரபால் கம்யூனிஸ்ட் கட்சி அனுதாபி, பின்னாடி வெளிப்படையாவே. ஆனா அம்பதுகள்ல அவர் ஸ்டாரானது எதுலன்னு பாருங்க, ரஃபயேல் கில் எடுத்த பக்திப் படங்கள்ல. 'லா கெர்ரா தெ தியோஸ்' (1953) சுரங்க ஊருல பாதிரியார் வந்து சமாதானம் பண்ற கதை, ரபால் அதுல சுரங்கத்தொழிலாளி! நெஜ சுரங்கத்தொழிலாளி மகன சினிமா தொழிலாளியாக்கி, கடைசியில சர்ச்சுகிட்ட கொண்டுபோய் விடுற கதை. 1955ல 'இஸ்தோரியாஸ் தெ லா ரேடியோ', டைரக்டர் சாயன்ஸ் தெ எரெதியா, ஃப்ராங்கோ புனைபேர்ல எழுதுன கதைய படமா எடுத்த அதே ஆளு. சோறு வேணும்ல. 1968ல இத்தாலிக்காரங்க எடுத்த படத்துல சே குவேராவாவே நடிச்சாரு, படம் சுமார்தான், ஆனா அவருக்கு உள்ளுக்குள்ள ஒரு திருப்தி இருந்திருக்கும்னு நெனைக்குறேன்.

சுருட்டுத்தாத்தா:
சே வேஷம் போட்ட அதே ஆளு 1980ல உம்பெர்ட்டோ லென்சியோட 'நைட்மேர் சிட்டி'ல ஜாம்பிங்கள சுடுற மேஜர். ப்ளேன்ல இருந்து மூஞ்சி வெந்த ஜாம்பிங்க கத்தியோட எறங்கி ஓடி வருவானுங்க, நம்மாளு யூனிஃபார்ம்ல வெறச்சுட்டு நிப்பாரு. நான் இத ரசிச்சு பாத்தவன், யாரும் குறை சொல்லாதீங்க.

ராத்திரிஷோ:
ஆங், இதத்தான் நான் சொல்றேன் தாத்தா! புனுவல், அந்தோனியோனி, ரிவெத் ('லா ரெலிஜியூஸ்', அதையும் பிரான்ஸ்ல தடை பண்ணாங்க), விஸ்கொந்தி, க்ளாபர் ரோச்சா, இவங்க எல்லார்கூடயும் வேல பாத்துட்டு எழுபதுகள் முடியறப்ப மூணாந்தர இத்தாலியன் படம். அப்ப வேஸ்டுன்னு நான் சொன்னது சரிதானே? நல்ல டைரக்டர் கையில இருந்தா நல்லா இருக்காரு, இல்லன்னா சொன்னத செஞ்சுட்டு போறாரு.

மேடைக்காரன்:
நடிகன்னா வேற என்ன தம்பி பண்ணுவான், வீட்டுல ஒக்காந்து புனுவல் ஃபோன் பண்ற வரைக்கும் காத்துட்டு இருப்பானா? புனுவலே ரெண்டு மூணு வருசத்துக்கு ஒரு படம்தான். குடும்பம் இருக்கு, வயசு அம்பது ஆச்சு, ஹீரோ வேஷம் போச்சு, கிழவன் வேஷம் இன்னும் வரல. இந்த நடுக்காலம் எல்லா நடிகனுக்கும் வரும். லைட்பாயா ஆரம்பிச்சவனுக்கு கூலி வேலையில வெக்கம் கெடயாது. எனக்கு இதுல மரியாதைதான் கூடுது.

ரே_ரசிகன்:
எழுபதுகள பேசிட்டு 'சார்சரர்' பத்தி ஒருத்தரும் வாய தொறக்கலயே! கதைய நான் சொல்றேன், இதுல எங்க ஆளு ஃபெர்னாண்டோ ரேயும் வர்றாரு. 1971ல வில்லியம் ஃப்ரீட்கின் 'தி ஃப்ரெஞ்ச் கனெக்ஷன்' எடுக்குறப்ப வில்லனுக்கு "அந்த 'பெல் த ஷூர்'ல வந்தானே ஸ்பெயின்காரன், அவன புடிங்க"ன்னாராம். அவர் மனசுல இருந்தது ரபால். காஸ்டிங் ஆளு புனுவல் பட நடிகர்னு புக் பண்ணது ஃபெர்னாண்டோ ரே. ஏர்போர்ட்ல போய் பாத்தா ஆட்டுத்தாடியோட, ராஜகுடும்பத்து ஆள் மாதிரி ஒருத்தர் எறங்கி வர்றாரு. ஃப்ரீட்கின் தலையில கைய வெச்சுட்டாரு. ரபால விசாரிச்சா அவருக்கு இங்கிலீஷ் வராது, டேட்டும் இல்ல. சரின்னு ரேயவே வெச்சு எடுத்தாங்க, அந்த சப்வே சீன்ல ஜீன் ஹாக்மேனுக்கு ட்ரெயின் உள்ள இருந்து டாட்டா காட்டுவாரே, சினிமா உள்ள வரைக்கும் அது நிக்கும். ஆள் மாறாம இருந்திருந்தா அந்த டாட்டா கெடச்சிருக்குமா? ரபால் போட்டிருந்தா முரட்டு தாதாவா இருந்திருப்பான், மார்சேய் துறைமுகத்துல இருந்து வந்தவன்னு நம்பியிருப்போம், ஆனா டாட்டா காட்டியிருக்க மாட்டான்.

ஃப்ரீட்கின் விடல, 1977ல 'சார்சரர்'ல ரபால கூட்டிட்டு வந்துட்டாரு. நீலோன்னு ஒரு கூலிக் கொலைகாரன். படம் தொடங்குறதே அவர வெச்சுத்தான், வெராக்ரூஸ்ல ஒரு வீட்டுக்குள்ள போவாரு, சைலன்சர்ல சுடுவாரு, லிஃப்ட்ல எறங்கி ரோட்டுல கூட்டத்தோட கூட்டமா கலந்துடுவாரு, ஒரு வசனம் கெடயாது. டைனமைட் லாரி, மழை, கயித்துப் பாலம்னு எல்லாரும் உயிர குடுத்து எடுத்த படம். ரிலீஸ் ஆனது ஜூன் மாசம், 'ஸ்டார் வார்ஸ்' வந்து சரியா ஒரு மாசம் ஆன நேரம். படுத்துடுச்சு. இன்னிக்கு எல்லாரும் காவியம்ங்கறாங்க.

விரிதியானா_விசிறி:
ரே_ரசிகன் சைடு கேப்ல உங்க ஆளுக்கு பிரச்சாரம் பண்ணிட்டீங்க 😄 ஆனா ரெண்டு பேரும் நண்பர்கள்தான், இவங்களுக்குள்ள போட்டின்னு நாமதான் கெளப்பி விடுறோம்.

கத்திரிப்பூ:
எனக்கு ஒரு டவுட்டுங்க. கான்ஸ்ல 1984 பெஸ்ட் ஆக்டர் அவார்ட 'அப்பாவிகள்' படத்துக்கு ரபாலுக்கும் அல்ஃப்ரெடோ லாண்டாவுக்கும் சேத்து குடுத்திருக்காங்க. படத்த பாத்தா லாண்டாதான் மெயின், படம் பூரா அவர்தான் தூக்குறாரு. ரபால் வேஷம் கண்ணுக்கு பளிச்சுன்னு தெரியற வேஷம், கிறுக்கன் வேஷம் போட்டா அவார்டு வந்துடும்னு ஒரு பேச்சு இருக்குல்லங்க. சரியா தப்பா?

ராத்திரிஷோ:
நல்ல கேள்வி. (படம் பாக்காதவங்க இத தாண்டி போயிடுங்க, முடிவ சொல்லப்போறேன்.) லாண்டா செய்யற பாக்கோ எல் பாஹோ, பண்ணை முதலாளி இவானுக்கு வேட்டையில உதவி. அடிபட்ட கௌதாரி எங்க விழுந்துச்சுன்னு நாலு கால்ல எறங்கி தரைய மோந்து பாத்து கண்டுபுடிப்பான், முதலாளிங்க கைதட்டுவாங்க, அவன் அதுக்கு பெருமப்படுவான். அந்த பெருமைதான் பாக்க முடியல. மரத்துல இருந்து விழுந்து கால் ஒடஞ்சப்பவும் முதலாளிக்கு வேட்ட கெட்டுப்போச்சேன்னுதான் அவன் கவலப்படுவான். லாண்டா அதுக்கு முன்னாடி பல வருசம் காமெடி ஹீரோ, எழுபதுகள்ல பொண்ணுங்க பின்னாடி ஓடுற படமா நடிச்சு தள்ளுனவரு, அவர் இப்படி பண்ணதுக்கு அவார்டு நியாயம்தான்.

ஆனா ரபால் பண்ணது கிறுக்கன் வேஷம் இல்லங்க. மிகேல் தெலிபெஸோட நாவல்ல அசாரியாஸுக்கு எண்ண தெரியாது, ஒன்பது பத்து பதினொண்ணு வரைக்கும் வருவான், அதுக்கு மேல நேரா நாப்பத்திமூணு நாப்பத்திநாலு நாப்பத்தஞ்சுன்னு போவான். ரபால் இத சிரிப்புக்காக பண்ணவே இல்ல, அவனுக்கு அந்த கணக்கு சரிதான். அதே மாதிரி வாயில பேச்ச போட்டு மென்னுட்டே இருப்பாரு, பாதி வார்த்த வெளிய வராது. அந்த நடமாட முடியாத சின்னப் பொண்ண மடியில போட்டுட்டு கொஞ்சுறப்ப குரல் ஒண்ணு, பறவைய கூப்புடுறப்ப குரல் ஒண்ணு, முதலாளிகிட்ட பேசறப்ப குரலே உள்ள போயிடும். வேட்டையில ஒண்ணும் கெடைக்காத கடுப்புல இவான் அந்த பறவைய சுட்டுத் தள்ளுறான் பாருங்க, அப்ப இவர் கெஞ்சுற கெஞ்சலுக்கும் அப்புறம் மரத்து மேல ஒக்காந்து கயித்த எறக்கி அவன் கழுத்துல மாட்டுறப்ப இருக்கற அமைதிக்கும் நடுவுல கோவமே காட்ட மாட்டாரு. பழிவாங்குற சீன்ல கோவத்த காட்டாம இருக்க எவனுக்கு தைரியம் வரும்? ஒரு நிமிசம் சுருக்கு மாட்டுறான்னே எனக்கு புரியல, பறவைக் கூண்ட வாங்குறான்னுதான் நெனச்சேன்.

மேடைக்காரன்:
அடேங்கப்பா, வேஸ்ட்டுன்னு ஆரம்பிச்ச ஆளு எழுதுறத பாருங்க. நான் ஒண்ணு சேக்குறேன், அந்த உடம்பு. முதுகு கொஞ்சம் வளைஞ்சு, கை ரெண்டும் எப்பவும் உடம்ப விட்டு தள்ளி தொங்கும். சாகுற வரைக்கும் குனிஞ்சே வேல பாத்தவங்க உடம்பு அப்படித்தான் இருக்கும். இத க்ளோசப் நடிகன் பண்ண முடியாது.

ரே_ரசிகன்:
அந்த எண்பதுகள்தான் இவருக்கு ரெண்டாவது பொறப்பு, அதுல எனக்கும் சந்தேகமில்ல. 1980ல டிவியில 'ஃபொர்துனாதா இ ஹசிந்தா', 82ல 'லா கொல்மேனா', 84ல இது, மூணும் மரியோ காமுஸ். ஆனா ஸ்பெயின் ஜனங்க கிட்ட கேட்டா இதெல்லாம் சொல்ல மாட்டாங்க, 'ஹுன்கால்'னுதான் சொல்லுவாங்க. 1989 டிவி சீரியல், ஹைமே தெ ஆர்மின்யான் எழுதி எடுத்தது, ஏழே எபிசோடு. காளச்சண்ட போட்டு கால் போன ஒரு பழைய மாட்டடோர், கையில காசு இல்ல, வாயில மட்டும் கொறையில்ல, செவியாவுல பார் பாரா திரிஞ்சு ஓசியில சாப்புட்டு, தான் விட்டுட்டு ஓடிவந்த பொண்டாட்டி வீட்டுக்கே திரும்பி வர்றான். கூட ஷூ பாலிஷ் போடற ஒரு சிஷ்யன், ரஃபயேல் அல்வாரெஸ் 'எல் ப்ரூஹோ' பண்ணது, அவர் மேடையில பெரிய ஆளு. ரெண்டு பேரும் பேசிக்கறத கேட்டுட்டே இருக்கலாம். பொய் சொல்லுவான், ஏமாத்துவான், உங்களுக்கு கோவமே வராது. ரபாலோட வசீகரம் எங்கயும் போகலங்கறதுக்கு இதான் சாட்சி, மூஞ்சி போனப்புறமும் ஹீரோதான்யா அந்தாளு.

வெயில்மழை:
இவ்ளோ நேரம் படிச்சுட்டு இருந்தேன், நடுவுல வர வேணாம்னு. யாரும் அசுன்சியோன் பலாகெர் பேர எடுக்கலயே. ரபாலோட மனைவி. அவங்களும் நடிகைதான், மன்ரேசாவுல பொறந்தவங்க, நாடகக் கம்பெனியிலதான் ரெண்டு பேரும் பழக்கம், 1951ல கல்யாணம். அதுக்கப்புறம் அவர் மெக்சிகோ, ரோம், பாரிஸ், டொமினிக்கன் ரிபப்ளிக்னு சுத்துனாரு, இவங்க பிள்ளைங்க ரெண்டு பேரையும் வளத்துட்டு மேடைய கிட்டத்தட்ட விட்டுட்டாங்க. அவர் குடும்பஸ்தனா ஒழுங்கா இருந்தாருன்னு யாரும் சொல்ல மாட்டாங்க, ராத்திரி வாழ்க்க, குடி, மத்ததும். 2001ல அவர் போனப்புறம்தான் இந்தம்மா திரும்பவும் முழுசா மேடையேறுறாங்க, எழுபத்தஞ்சு வயசு தாண்டி! 2012ல மத்ரீது தெயாத்ரோ எஸ்பன்யோல்ல 'ஃபாலீஸ்' மியூசிக்கல்ல பாடி ஆடுனாங்க, வயசு எண்பத்தி ஆறு. 2019ல இறந்தாங்க. நடுக்காலம் எல்லா நடிகனுக்கும் வரும்னு மேடைக்காரன் சார் சொன்னீங்க, நடிகைக்கு அந்த நடுக்காலம் அம்பது வருசம் நீளும், அத யாரு வேஸ்டுன்னு கேக்குறது?

மேடைக்காரன்:
மேடம் இதுக்கு நான் பதில் சொல்ல முடியாது. எங்க கம்பெனியிலயே இப்படி ரெண்டு பேர எனக்கு தெரியும்.

சுருட்டுத்தாத்தா:
மேடம் சொன்னது ஞாயம். ஆனா ஒண்ணு, அந்தம்மா அவர பத்தி கடைசி வரைக்கும் பாசமாத்தான் பேசுனாங்க, அதையும் சொல்லணும்ல.

வெயில்மழை:
பாசமா பேசுனாங்க, ஒத்துக்குறேன். பாசத்தால கணக்கு தீந்துடாது தாத்தா.

பழையப்ரொஜெக்டர்:
கடைசி காலத்த நான் எழுதிடறேன், பாதியில நிக்குது. 1990ல அல்மோதோவார் 'ஆத்தாமே!'ல வீல்சேர்ல இருக்கற டைரக்டரா வருவாரு. 1997ல பேரன் லிபெர்த்தோ ரபால் அல்மோதோவாரோட 'கார்னே த்ரெமுலா'ல ஹீரோ. 1999ல கார்லோஸ் சௌராவோட 'கோயா என் புர்தியோஸ்', ஓவியர் கோயா வயசான காலத்துல நாட்ட விட்டு போய் பிரான்ஸ்ல போர்தோ நகரத்துல காது கேக்காம, பழசெல்லாம் கண்ணு முன்னாடி வந்து போக, செத்துப்போறத பத்தின படம், கேமரா ஸ்டொராரோ. ரபால் 1971லயே ஒருதடவ கோயாவா நடிச்சிருக்காரு, இப்ப கிழட்டு கோயா. இதுக்குத்தான் அந்த ஓவியர் பேர்ல ஸ்பெயின்ல குடுக்குற சினிமா விருது, கோயா விருதே கெடச்சுது. அந்த படத்துல படுக்கையில இருந்து எந்திரிச்சு நைட்ட்ரெஸ்ஸோட தெருவுல வழி தவறி நிப்பாரு, மறதி மூஞ்சியில எப்படி வரும்னு பாருங்க.

2001 ஆகஸ்ட்ல மொன்ட்ரியல் ஃபெஸ்டிவல்ல கௌரவிச்சாங்க, போய் வாங்கிட்டு வர்ற வழியில ப்ளேன்லயே நுரையீரல் கோளாறு முத்திடுச்சு. அவசரமா தரையெறக்குன ஊரு போர்தோ. ஆகஸ்ட் 29. கோயா செத்த அதே ஊரு, சினிமாவுல எழுதுனா ஓவர்னு வெட்டி எறிஞ்சிருப்பாங்க. அடுத்த மாசம் சான் செபாஸ்தியான் ஃபெஸ்டிவல்ல குடுக்க இருந்த தொனோஸ்தியா விருத குடும்பத்துக்கிட்ட குடுத்தாங்க. அஸ்தி குவெஸ்தா தெ கோஸ்ல ஒரு பாதாம் மரத்தடியில இருக்கு.

சுருட்டுத்தாத்தா:
கடைசி படம் 'டேகான்' (Dagon) அண்ணே, ஸ்டூவர்ட் கோர்டன் எடுத்தது, திகில் எழுத்தாளர் லவ்க்ராஃப்ட் கதை, மீன் மனுஷங்க ஊரு. ரபால் அதுல எசெகியேல்ங்கற குடிகார கிழவன், ஊரு எப்படி கெட்டுப்போச்சுன்னு கத சொல்றவன், அப்புறம் அவர் தோல உரிக்கற சீன் ஒண்ணு... சாப்புட்டுட்டு பாக்காதீங்க. படத்த அவருக்கே சமர்ப்பணம் பண்ணியிருக்காங்க. புனுவல்ல ஆரம்பிச்சு மீன் மனுஷன்ல முடிச்ச கரியர், எனக்கு ரெண்டும் பிடிக்கும்.

கத்திரிப்பூ:
எதுல ஆரம்பிக்கறதுங்க? நான் 'அப்பாவிகள்' மட்டும்தான் பாத்திருக்கேன்.

விரிதியானா_விசிறி:
'நசரீன்' மொதல்ல, அடுத்தது 'விரிதியானா', அப்புறம் 'சார்சரர்'. 'லெக்லிஸ்'ஸ அவருக்காக பாக்காத, பத்து பதினஞ்சு நிமிசத்துல ஆள் காணாம போயிடுவாரு. 'யாந்தோ போர் உன் பந்திதோ' கெடச்சா பாரு, 1964, சௌரா டைரக்ஷன், இவர் கொள்ளக்காரன், ஆரம்பத்துல மரண தண்டனைய நெறவேத்துற ஆளா வர்றது யாருன்னு உத்துப்பாரு, புனுவல்!

ராத்திரிஷோ:
எனக்கு 'ஹுன்கால்' வேணும், சப்டைட்டிலோட எங்கயாவது இருக்கா? அத பாத்துட்டு என் கேள்விக்கு நானே மறுபடி வந்து பேசறேன், அதுவரைக்கும் 'நடுவுல இருபத்தஞ்சு வருசம்'ங்கறதுல 'நசரீன்', 'விரிதியானா', 'சார்சரர்' மூணயும் கழிச்சுக்குங்க. 'நைட்மேர் சிட்டி'ய கழிக்க மாட்டேன்.

சுருட்டுத்தாத்தா:
அத கழிக்கலன்னா நான் இந்த இழையவிட்டு போறேன்.

ரே_ரசிகன்:
ஸ்பெயின் டிவிக்காரங்க சைட்லயே 'ஹுன்கால்' தேடிப்பாருங்க, ஆனா செவியா ஸ்லாங், சப்டைட்டில் இருந்தாலும் பாதி ஜோக் தப்பிச்சு போயிடும். நான் ஃபெர்னாண்டோ ரேக்கு தனி இழை போடறேன், இங்கயே பேசுனா விசிறி அடிக்க வருவாரு. அங்க 'எலிசா, விதா மியா'ல இருந்து ஆரம்பிப்போம், 1977, சௌரா, அதுக்கும் கான்ஸ்ல பெஸ்ட் ஆக்டர், அதுவும் யார்கூடயும் பங்கு போடாம.